சப்பாத்தில் வயல் சேறு

சிஞ்ஞோரா சப்பாத்துகளைப் பால்கனியில் கழற்றிப் போட்டிருந்தார். இத்தாலியில், பலேர்மோவில் நான் வேலை செய்யும் வீட்டுக்காரி அவர். வியட்நாமில் வழிகாட்டியோடு ஊர் ஊராகச் சைக்கிள் ஓடிவிட்டு முந்தாநாள்தான் திரும்பியிருந்தார்.

"வயலுக்குள் விழுந்து எழும்பினோம், ஒரே சிரிப்பு. பாய் பின்னக்கூடக் காட்டித் தந்தார்கள். என்ன அமைதியான வாழ்க்கை" என்றார். "நீயும் ஊரில் சைக்கிள் ஓடியிருப்பாயே?"

தலையாட்டிவிட்டுச் சப்பாத்துகளைக் கழுவ எடுத்தேன். தண்ணீர் பட்டதும் காய்ந்த சேறு இளகி மணத்தது. வன்னி வயலின் அதே மணம்.

அப்போது எனக்கு ஒன்பது வயது. இடம்பெயர்ந்து போய்க்கொண்டிருந்தோம். காய்ச்சலில் கிடந்த தம்பியைப் பழைய சேலையால் கரியரில் கட்டி, அப்பா வரம்பு வழியே சைக்கிளை உருட்டினார். ஷெல் விழத் தொடங்கியதும் எல்லோரும் சேற்றில் குப்புறப் படுத்தோம். அப்பா படுக்கவில்லை.

"இஞ்சேருங்கோ, படுங்கோ" என்று அம்மா கத்தினாள்.

"விட்டால் சைக்கிள் சரிஞ்சிடும். பிள்ளை அடியிலை போயிடுவான்."

சத்தம் ஓய்ந்து தலை தூக்கியபோது சைக்கிள் வரம்பில் சாய்ந்திருந்தது. தம்பி அதிலிருந்தபடி அழுதுகொண்டிருந்தான். அப்பா சேற்றில் முகம் புதையக் கிடந்தார். அம்மா அவரைப் புரட்டி, தலைப்பால் முகத்தைத் துடைத்தாள். பாதிதான் துடைத்திருப்பாள், அடுத்த ஷெல் கூவியது. தம்பியை அவிழ்த்துத் தூக்கிக்கொண்டு, எங்களையும் இழுத்துக்கொண்டு சனம் ஓடியது.

"அவசரமில்லை, ஆறுதலாகக் கழுவு" என்று உள்ளேயிருந்து சிஞ்ஞோராவின் குரல் வந்தது. "ஒரு பொட்டும் இருக்கக் கூடாது."

பழைய பிரஷ்ஷால் தையல் இடுக்குவரை உரசினேன். அப்பாவின் முகத்துக்குக் கிடைக்காத நேரமெல்லாம் அந்தச் சப்பாத்துக்குக் கிடைத்தது.