ஸ்ரெல்லா அக்கா வாசித்த கோப்பு

ஸ்ரெல்லா அக்கா காலமான செய்தி கூட வேலை செய்த கந்தோர் நண்பர்களின் வாட்ஸ்அப் குழுவுக்கு வந்தபோது, நான் உயிலங்குளத்தில் பேருந்துக்காக நின்றேன். பாதி எழுதிய அறிக்கை ஒன்று கைபேசியில் திறந்திருந்தது. அவரை அறிந்த நீங்கள் சிரிப்பீர்கள்: அழுவதற்கு முன் அதைச் சேமித்தேன்.

போர் முடிந்த மீள்குடியேற்றக் காலத்தில், ஊர் திரும்பும் சனங்களுக்கு உதவிய எங்கள் கந்தோரில் இருந்தது ஒரே கணினி. மின்சாரம் வரும், போகும். ஜெனரேட்டர் இருமத் தொடங்கினாலே அக்கா கூவுவார்: "முதல்ல சேவ் பண்ணுங்கோ, பிறகு கதையுங்கோ!" மன்னார்த் தீவில் கடற்றொழில் குடும்பத்தில் பிறந்தவர். இரைச்சலுக்கு மேலாகப் பேசப் பழகிய குரல்.

அப்போது இலுப்பைக்கடவைப் பக்கத்தில் ஒரு கரையோரக் கிராமத்துக்குச் சனங்கள் திரும்பியிருந்தார்கள். பள்ளிக்கூடம் இன்னும் திறக்கவில்லை. பிள்ளைகள் வெயிலில் அடுத்த ஊருக்கு நடந்தார்கள். பள்ளியைத் திறக்கும்படி கேட்டு, மன்னாரில் அதிகாரிகள் கூட்டத்தில் திரையில் காட்டுவதற்கு ஒரு கோப்பு தயாரித்தோம். அந்தக் கிராமத்துத் தாய்மார் சொல்லச் சொல்ல அக்கா தட்டினார். அந்தக் கூட்டத்தில் காரியம் நடக்காவிட்டால் பிள்ளைகளுக்கு இன்னொரு வருடம் நடைதான். அந்தத் தாய்மாரும் வந்து பின்வரிசைக் கதிரைகளில் அமர்ந்திருந்தார்கள்.

கூட்டத்திலிருந்த புது மடிக்கணினியில் எங்கள் பழைய தமிழ் எழுத்துரு இல்லை. திரை முழுக்க ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியுமாகக் கொட்டிக் கிடந்தது. பேசவேண்டிய நான் கோப்பை மூடி மூடித் திறந்தேன்; ஒரு வரியும் வாசிக்க வரவில்லை.

"அடுத்த கூட்டத்துக்குக் கொண்டு வாங்கோவன்," என்றார் ஓர் அதிகாரி, நல்ல மனத்தோடுதான்.

அக்கா எழுந்தார். "தேவையில்லை ஐயா, நான் வாசிக்கிறன்."

அந்தக் குழப்பத்தைப் பார்த்தபடியே தமிழில் வாசித்தார்! எந்தத் தமிழ் எழுத்துக்கு எந்த ஆங்கில விசை என்று வருடக்கணக்காகத் தட்டியவர். விரலுக்குத் தெரிந்தது கண்ணுக்கும் தெரிந்திருந்தது. "எங்கட பிள்ளையள் நடந்து களைச்சு, வகுப்பில நித்திரை கொள்ளுதுகள்" என்ற வரி வந்ததும், பின்வரிசையில் ஒரு தாய், "ஓம், அது நான் சொன்னது," என்றார். அதன்பின் யாரும் அடுத்த கூட்டத்தைப் பற்றிப் பேசவில்லை. அடுத்த படிப்புத் தவணை தொடங்கும்போதே பள்ளிக்கூடம் திறந்தது.

வெளியே வந்து அவரைக் கட்டிப்பிடித்தேன். "எழுத்து வேற சட்டை போட்டிருந்தது, அவ்வளவுதான் தங்கச்சி. சொல்லு அங்கதான் நிண்டது," என்றார்.

பிறகு மேசையிலிருந்த வேலை மடிக்கு வந்தது; மடியிலிருந்து கைபேசிக்கு வந்தது. ஒரே அறிக்கையை அவர் தீவிலும் நான் வயலோரத்திலும் இருந்து ஒரே நேரத்தில் திருத்தினோம். பெரிய அட்டவணையைக் கைபேசியில் நகர்த்தி நகர்த்திப் பார்த்து, "யன்னலுக்குள்ளால கலியாணம் பாக்கிற மாதிரிக் கிடக்கு," என்பார். "தானாச் சேவ் ஆகுமாம், ஆர் கண்டது?" என்று கடைசிவரை சந்தேகப்பட்டார். அந்தச் சந்தேகத்தால் தப்பிய எங்கள் உழைப்பு கொஞ்சநஞ்சமல்ல.

அடக்கம் முடிந்து வீடு வந்து, அந்தப் பள்ளிக்கூடக் கோப்பைக் கைபேசியில் திறந்தேன். இன்றும் அது ஆங்கில எழுத்துகளாகத்தான் வருகிறது. நொடியில் தமிழுக்கு மாற்றலாமாம். நான் மாற்றவில்லை. நானும் அதே விசைகளைத் தட்டியவள்தானே? ஒவ்வோர் எழுத்தாக விரல் வைத்து, அன்று என் வாயில் வராத வரிகளை மெல்ல வாசித்தேன்: "எங்கட பிள்ளையள் நடந்து களைச்சு..."

அக்கா, என் காதில் கேட்டது உங்கள் குரல். எனக்கென்று நான் வைத்துக்கொள்வது அதைத்தான். நன்றி, அக்கா. சேவ் பண்ணிவிட்டேன்.