கைவீசி இறங்குகிறவர்கள்

கப்பலிலிருந்து இறங்குகிறவர்கள் கையை வீசிக்கொண்டு இறங்குகிறார்கள். இந்த வேலைக்கு வந்து மூன்று கோடைகாலம் ஆகியும் எனக்கு இது பழகவில்லை. தலையில் ஒரு தொப்பி, கழுத்தில் ஒரு அட்டை, சிலர் கையில் குடித்து முடிக்காத கோப்பி, அவ்வளவுதான். பை இல்லை, பெட்டி இல்லை, சட்டைக்குள் வைத்துத் தைத்த கடதாசி இல்லை. இறங்குகிற பலகையில் கால் வைக்கும்போது பிள்ளை பின்னால் வருகிறதா என்று ஒருவரும் பதறித் திரும்பிப் பார்ப்பதில்லை. பின்னேரம் வரும்போது கப்பல் அதே இடத்தில் நிற்கும், படுக்கை விரித்திருக்கும், சாப்பாடு சூடாக இருக்கும் என்று அவர்களுக்குத் தெரியும். ஒரு கப்பலை மனிதர் இவ்வளவு நம்பலாம் என்பதே எனக்குப் பெரிய அதிசயமாக இருக்கிறது.

ஊரில் இருக்கிறவர்களுக்கு முதலில் ஒன்றை விளங்கப்படுத்த வேண்டும். ரொறன்ரோவில் கடல் இல்லை, இருப்பது ஏரி. ஏரிக்குள் எப்படியப்பா சொகுசுக் கப்பல் வரும் என்று என் மச்சான் தொலைபேசியில் சிரித்தான். நானும் முதலில் நம்பவில்லை. அத்திலாந்திக்கிலிருந்து ஆற்று வழியாக வருகிற கப்பலை, படிக்கட்டுப்போலக் கட்டிவைத்த பெரிய தண்ணீர்த் தொட்டிகளுக்குள் விட்டுக் கதவைச் சாத்துகிறார்கள். தண்ணீர் நிரம்ப நிரம்பக் கப்பல் மேலே எழும்புகிறது. பிறகு அடுத்த தொட்டி. நயாகரா மலைமேட்டையும் கப்பல்கள் இப்படித்தான் ஏறிக் கடக்கின்றன. அதைப் பார்க்கவென்றே ஒருநாள் லீவு எடுத்துக்கொண்டு போனேன். நாலு மாடி உயரக் கப்பல் ஒன்று சத்தம் சந்தடி இல்லாமல் என் கண்ணுக்கு முன்னால் மலை ஏறியது. பக்கத்தில் நின்ற வெள்ளைக்காரப் பிள்ளைகள் ஐஸ்கிறீம் குடித்துக்கொண்டிருந்தார்கள். என் கை தானாகக் கும்பிட்டது.

இந்த வேலைக்கு முன்னர் பிறம்ரனில் ஒரு பண்டகசாலையில் பெட்டி தூக்கினேன். முதுகு கைவிட்ட பிறகுதான் சாந்தி அக்காவிடம் வந்தேன். அவவிடம் இரண்டு வான்கள் இருக்கின்றன. கப்பலில் வருகிறவர்களில் கூட்டத்தோடு பேருந்தில் போக விரும்பாதவர்கள், தங்களுக்கென்று தனியாக ஒரு வானும் வழிகாட்டியும் கேட்டுப் பதிவு செய்வார்கள். முதல்நாள் சாந்தி அக்கா என்னிடம், சனத்துக்கு என்ன காட்டுவீர் என்று கேட்டா. நயாகரா என்றேன். வேறு என்ன சொல்வது? லண்டனிலிருந்து பெரியம்மா வந்தாலும், பாரிசிலிருந்து சகலன் வந்தாலும், நம்மவர் கொண்டுபோய்க் காட்டுவது நயாகரா. பிறகு கோயில், பிறகு ஸ்காபரோவில் நகைக்கடை. நான் மட்டும் இருபது தடவைக்குக் குறையாமல் அந்த நீர்வீழ்ச்சியில் நனைந்திருப்பேன். "தம்பி, உவையள் நயாகராவைப் பாத்துப்போட்டுத்தான் இஞ்ச வருகினம். நீர் சிற்றியைக் காட்டும்" என்றா. அன்றைக்குத்தான் யோசித்தேன், பத்து வருடத்துக்கு மேல் இருக்கிற இந்த நகரத்தை நான் பார்த்ததே இல்லை. இருபத்தைந்து மைல் தள்ளிப் பெட்டி தூக்கினவனுக்கு எது கோட்டை, எது பழைய மதுவடிசாலை என்று எப்படித் தெரியும்? நூலகத்திலும் தெருவிலுமாக ஒரு குளிர்காலம் முழுக்கப் படித்தேன். படிக்கப் படிக்க என் வாய் பிளந்ததுதான் மிச்சம். ஒரு காலத்தில் ஏரிக்கரையாக இருந்த தெரு இப்போது கரையிலிருந்து நெடுந்தூரம் உள்ளே கிடக்கிறது. ஏரியை மண்போட்டு நிரப்பி, அந்த மண்ணின் மேல் இத்தனை கோபுரங்களை நட்டிருக்கிறார்கள்.

வானில் ஏறிக் கொஞ்ச நேரத்தில் எல்லோரும் கேட்கிற கேள்வி ஒன்று உண்டு. எந்த நாடு, கனடாவுக்கு எப்படி வந்தாய்? உங்களைப் போலத்தான், கப்பலில் வந்தேன் என்பேன். அவர்களுக்குப் பெரிய சந்தோசம் வந்துவிடும். என்ன கப்பல், எத்தனை பேர், அறைக்கு யன்னல் இருந்ததா என்று விசாரிப்பார்கள். சாப்பாடு எப்படி என்று கட்டாயம் கேட்பார்கள். சோறும் பருப்பும் என்பேன். உடம்புக்கு நல்லது என்று தலையாட்டுவார்கள். நான் பொய் ஒன்றும் சொல்வதில்லை. அவர்கள் கேட்கிற அளவுக்குச் சொல்கிறேன், அவ்வளவுதான். வேடிக்கை என்னவென்றால், வெள்ளைக்காரருக்கு இப்படிப் பட்டென்று சொல்கிற நான் நம்மவர்களிடம் வாயே திறப்பதில்லை. கலியாண வீடுகளில் ஒரு மேசை தள்ளி இருந்து, "உவை கப்பலில வந்த ஆக்களோ?" என்று மெல்லக் கேட்கிற குரல் இருக்கிறதே, அதற்கு எந்தப் பதிலும் சரிவராது.

நாங்கள் வந்தது பழைய சரக்குக் கப்பல். ஊரில் சண்டை முடிந்த மறுவருடம். என் மனைவி வாசுகி ஏறின அன்றே சத்தி எடுக்கத் தொடங்கிக் கீழ்த்தட்டில் விழுந்தவள்தான், கரை காணும்வரை எழும்பவில்லை. மகள் ஆரணிக்கு நாலு வயது. கீழே நாற்றமும் அழுகையும். அவளை இடுப்பில் வைத்துக்கொண்டு மேல்தட்டில் ஒரு கயிற்றுச் சுருளின் மேல் இருப்பேன். எங்கே அப்பா போகிறோம் என்று கேட்டபோது, கடல் பார்க்கப் போகிறோம் என்றேன். சொல்லிவிட்டேன், இனிக் காட்டத்தானே வேண்டும்? ஒவ்வொரு நாளும் காட்டினேன். அந்தா யானை முகில், அந்தா பறக்கிற மீன், அந்தா இரவில் தண்ணீருக்குள் எரிகிற பச்சை வெளிச்சம். காட்ட ஒன்றும் இல்லாத நாட்களில் டொல்பின் போகிறது என்று வெறும் தண்ணீரைக் காட்டினேன். தண்ணீரை அளந்து தந்த நாட்கள் அவை. எங்களோடு ஏறின ஒருவர் கரை காணவில்லை. கடைசியில் கனடாவின் மேற்குக் கரையில் மலைகள் தெரிந்தபோது எங்களைச் சுற்றிக் காவல் படகுகள் நின்றன. முகமூடி போட்டவர்கள் ஏறினார்கள், பிறகு பேருந்து, பிறகு சில மாதம் தடுப்பு முகாம். அதற்குப் பிறகு நான் மிதக்கிற எதிலும் கால் வைத்ததில்லை.

இந்த வேலையில் அது ஒன்றுதான் சிக்கல். நகரத்துக்கு எதிரே ஏரிக்குள் சில தீவுகள் இருக்கின்றன, ஃபெரியில் கால்மணி நேரம்கூட ஆகாது. அங்கிருந்துதான் நகரம் வடிவு என்று உலகமே சொல்கிறது. நானும் சொல்கிறேன், பார்க்காமலே சொல்கிறேன். ஆட்களைத் துறையில் இறக்கிவிட்டு, வானை நிறுத்த இடமில்லை, நீங்கள் போய் வாருங்கள் என்று தப்பிவிடுவேன். ஆரணி பள்ளிக்கூடக் காலம் முழுக்கத் தீவுக்குக் கூட்டிப்போகச் சொல்லிக் கேட்டுக் களைத்துவிட்டாள்.

போன ஆவணியில் வந்தவர்கள் ஜோன், ரே என்று அவுஸ்திரேலியத் தம்பதி. இருவருக்கும் எண்பது தாண்டிவிட்டது. மனைவி ஜோன் சக்கர நாற்காலியில் இருந்தா. ரேக்குக் கை நடுங்குகிற வருத்தம், நாற்காலியைப் பிடித்தால் நாற்காலியும் நடுங்கும். அவருக்கு அதுவே பகிடியாக இருந்தது. கோட்டையைக் காட்டவா, சந்தையைக் காட்டவா என்று கேட்டேன். ஜோனுக்கு ஒன்றும் வேண்டாம், நகரத்தைத் தண்ணீரிலிருந்து பார்த்தால் போதும். அன்று காலை கப்பல் நுழைந்தபோது மருந்து மயக்கத்தில் படுத்துவிட்டாவாம். ஏரிக்குள்ளிருந்து நகரம் பொன்னாக எழும்பி வந்தது என்று காலைச் சாப்பாட்டில் ஆளாளுக்குச் சொல்லிக் ஆசையைக் கிளப்பிவிட்டார்கள். கப்பல் திரும்பிப் போகும்போது பார்க்கலாமே என்றேன். "போகும்போது பார்ப்பது வேறு. எனக்கு வரும்போது பார்க்கவேண்டும்" என்றா. இது தன்னுடைய கடைசிப் பயணம் என்பதையும் மழை வரும்போல் இருக்கிறது என்கிற மாதிரிச் சொன்னா.

ஃபெரித் துறையில் வானை நிறுத்திவிட்டுச் சாந்தி அக்காவை அழைத்தேன். மற்ற வான் மார்க்கம் நகரப் பக்கம் நின்றது, எனக்குப் பதிலாக வர நேரமில்லை. அவவுக்கு என் கதை தெரியும். "ஏலாட்டில் ஏலாது எண்டு அவையளிட்டச் சொல்லும். நான் கோவிக்கமாட்டன்" என்றா. கோபித்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும், வேலைக்காகப் போனேன் என்று சொல்லியிருக்கலாம். திரும்பிப் பார்த்தேன். ரே நாற்காலியைத் தள்ளத் தொடங்கிவிட்டார். அது கோணலாகப் போய் மதில் கரையில் முட்டி நின்றது. ஜோன் திட்டவில்லை, மடியில் கையை வைத்துக்கொண்டு தண்ணீரைப் பார்த்தபடி இருந்தா. அந்தப் பார்வையை எனக்குத் தெரியும். காட்ட ஒருவன் இருக்கிறான் என்று நம்பி இருக்கிற பார்வை.

போய் நாற்காலியைப் பிடித்தேன். ஏறுகிற இரும்புத் தகட்டில் சில்லு ஏறியபோது கடகடவென்று ஒரு சத்தம். இயந்திரம் காலடியில் உறுமியது. அதே டீசல் மணம். கனடாவின் டீசலுக்கும் வேறு மணம் இல்லை என்று அப்போதுதான் தெரிந்தது. எனக்கு உள்ளங்கால் குளிர்ந்து காது அடைத்தது. நாற்காலியின் பிடியை விட்டால் விழுந்துவிடுவேன் என்று பயமாக இருந்தது. ஜோன் திரும்பாமலே கையைப் பின்னால் நீட்டி என் விரல்களின் மேல் வைத்தா.

"உன்னுடைய கப்பல் எங்களுடையதைப் போல இல்லை, என்ன?" என்றா.

இல்லை என்றேன். போகும்போது நாற்காலியைத் தீவுப் பக்கம் பார்க்கத் திருப்பி வைக்கச் சொன்னா. அதே ஃபெரியில் திரும்பி வருகிற பாதி வழியில்தான், "சரி, எங்களுக்கு என்ன தெரிகிறது, சொல்" என்றா.

தலையை நிமிர்த்தினேன். அம்மாடி. நகரம் முழுக்கத் தண்ணீரின் மேல் நின்றது. நான் கழுத்து நோக அண்ணாந்து பார்த்த கோபுரங்கள் எல்லாம் தோளோடு தோள் ஒட்டி ஒரே வரிசையில் நின்றன, நடுவில் ஊசிமாதிரி உயர்ந்த ரவர் தனியாக. கண்ணாடிகளில் வெயில் அடித்து அந்த வெளிச்சம் ஏரியில் விழுந்து எங்கள் படகுவரை வந்தது. காவல் படகு இல்லை. முகமூடி இல்லை. ஒரு நாட்டுக்கு வந்து சேருவது என்றால் இப்படித்தான் இருக்குமா? மூன்று கோடையாக மனப்பாடம் செய்து ஒப்பித்த ஒரு சொல்லும் வாயில் வரவில்லை. கண் மட்டும் நிறைந்துகொண்டு வந்தது. தெரியவில்லை, நானும் இன்றைக்குத்தான் பார்க்கிறேன் என்றேன். ரே தன் நடுங்குகிற கையால் தொப்பியைக் கழற்றினார். மூன்று பேரும் கரை வரும்வரை பார்த்தோம். என் தொழிலில் நான் நன்றாகச் செய்த வழிகாட்டல் அதுவாகத்தான் இருக்கும்.

அடுத்த ஞாயிறு ஆரணியிடம், வா தீவுக்குப் போவோம் என்றேன். பல்கலைக்கழகத்தில் படிக்கிற பிள்ளை, கைபேசியிலிருந்து தலையைத் தூக்கி என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "அப்பா, are you sure?" என்று இரண்டு தரம் கேட்டாள். ஃபெரி கரையை விட்டதும் என் கையைப் பிடித்துக்கொண்டாள். இந்த முறை கால் அவ்வளவு குளிரவில்லை. கொஞ்ச நேரம் போனபின், "கப்பலில டொல்பின் காட்டினீங்கள். எனக்கு நல்ல ஞாபகம் இருக்கு. அது உண்மையா வந்ததோ?" என்று கேட்டாள்.

அந்தக் கப்பலில் அவளுக்கு ஞாபகம் இருப்பது அது ஒன்றுதான் என்று எனக்குத் தெரியும். நாற்றம் இல்லை, தாகம் இல்லை, துணியால் சுற்றிக் கடலில் இறக்கியவரும் இல்லை.

"நீ கண்டனியெல்லோ?" என்றேன்.

"ஓம், கண்டனான். Like, a lot."

"அப்ப வந்ததுதான்."

அவள் திருப்தியாகத் திரும்பி, நகரத்தைப் படம் எடுக்கத் தொடங்கினாள். அது அவளுடைய நகரம், அவளுக்கு அது எந்தப் பக்கத்திலிருந்தும் வடிவுதான். நான் அவளுக்கு முதுகு ஒட்டினாற்போல் மற்றப் பக்கம் பார்த்து நின்றேன். தீவுகளின் இடைவெளிக்கு அப்பால் ஏரி கண்ணுக்கு எட்டிய தூரம்வரை கடல் மாதிரியே கிடந்தது. உப்பும் இல்லை, டொல்பினும் இல்லை என்று நன்றாகத் தெரிந்திருந்தும், படகு கரை தட்டும்வரை நான் அந்தத் தண்ணீரில் தேடிக்கொண்டு நின்றேன்.