டேப்புக்குக் கீழே இறங்கிய கூரை

காலை ஆறே கால் மணி. மாமாவின் கமராத் திரையில் எங்கள் லயத்தின், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளின், தகரக் கூரை, அவர் அடையாளத்துக்காகத் திரையில் ஒட்டியிருந்த கறுப்பு டேப் துண்டுக்குக் கீழே தெரிந்தது. முதல்நாள் அது டேப்பைத் தொட்டுக்கொண்டிருந்தது.

மாமா, அம்மாவின் தம்பி, ஆவணப்பட ஒளிப்பதிவாளர். பதுளைக்கு மேலே மண்சரிவுக்குப் பயந்து வாழும் தோட்டங்களைப் படமெடுக்கக் கொழும்பு நிறுவனமொன்று அவரை அனுப்பியிருந்தது. தினமும் ஒரே பாறையில், ஒரே இடத்தில் ஸ்டேண்டை ஊன்றி, எதிரே இருந்த லயத்தையே எடுப்பார். லயத்தில் எங்களுக்கு அடுத்த அறையில், பக்கத்துக் காம்பராவில், இருந்த பெரியம்மாவுக்கு அது பொறுக்கவில்லை.

"என்ன தம்பி, நேத்தும் இதே தகரம், இன்னைக்கும் இதே தகரம். எங்க மூஞ்சியெல்லாம் படத்துக்கு ஆகாதோ?"

"தகரம் ஆடாம நிக்குதான்னு பார்க்கணும். நீங்க ஒரு நிமிஷம் சும்மா நிப்பீங்களா?"

மற்ற நாட்களில் சிரித்துக்கொண்டே இப்படிப் பதில் சொல்லும் மாமா அன்று சிரிக்கவில்லை.

"ஸ்டேண்ட யாரு தொட்டது?"

அந்தப் பாறையில் ஏறி விளையாடுவது நான் மட்டும்தான். எட்டு வயது எனக்கு. தொடவில்லை, ஆனால் தொடவில்லை என்பதை எப்படிக் காட்டுவது? மாமா குனிந்து, பாறையில் பெயின்டால் போட்டிருந்த வட்டங்களைப் பார்த்தார். ஸ்டேண்டின் மூன்று கால்களும் அவற்றுக்குள்ளேயே இருந்தன.

"நான் இல்ல மாமா."

"தெரியும்."

சொல்லிக்கொண்டே கமராவின் மழையுறையைக் கழற்றி எடுத்துக்கொண்டு, கொட்டும் மழையில் லயத்துக்கு ஓடினார். நானும் ஓடினேன். அம்மா, காலையில் வேலைக்குப் பேர் பதியும் பெரட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார்.

"அக்கா, லயம் இறங்குது. எல்லாரும் கோயிலுக்கு வாங்க."

"பிந்திப் போனா அரைப்பேருதான் போடுவாங்க. மிச்ச அரைநாள் சம்பளத்த நீயா தருவ?"

மாமா தூங்கிக்கொண்டிருந்த என் கைக்குழந்தைத் தம்பியை மழையுறையில் சுற்றித் தூக்கிக்கொண்டு நடந்தார். பிள்ளை போகிறதே என்று அம்மா திட்டிக்கொண்டே பின்னால் ஓடினார். அம்மா ஓடுவதைப் பார்த்துப் பெரியம்மா ஓடினார். பெரியம்மா ஓடினால் லயத்தில் யார் நிற்பார்கள்?

ஒன்பது மணிக்குள் பின்வரிசைக் காம்பராக்கள் மண்ணுக்குள் போயின. உள்ளே ஒருவரும் இல்லை. கோயில் மண்டபத்தில் பெண்கள் அழுதார்கள். எனக்கோ ஒரே கவலை: ஸ்டேண்டைத் தொட்டது நானில்லை என்று மாமா அம்மாவிடம் சொல்வாரா, மாட்டாரா? எதிர்ப்பாறையில் கமரா உறையில்லாமல் நனைந்துகொண்டிருந்தது. அது நிறுவனத்தின் கமரா.

மாமா இப்போது பண்டாரவளையில் கல்யாண வீடுகளுக்கு வீடியோ எடுக்கிறார்.