வேம்பார் சாலையில் அறுந்த பெல்ட்

எழுபதுகளின் நடுவில் வேம்பாரில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் நடத்திவந்தேன். கணவர் இறந்தபின் அவருடைய பழைய காரை விற்றுவிடச் சொல்லாத ஆள் இல்லை. நான் லைசென்ஸ் எடுத்தேன். ஒர்க்‌ஷாப்பில் வண்டியை விட்டால், நிழலில் போட்ட நாற்காலியில் உட்கார மாட்டேன். திறந்த போனட்டின் பக்கத்திலேயே நின்று, எதைக் கழற்றுகிறார்கள், எதை மாட்டுகிறார்கள் என்று பார்ப்பேன். அவர்களுக்கு அது பிடிக்காது.

ஒருநாள் காலை, பரீட்சை எழுத நான்கு பெண்களை ஏற்றிக்கொண்டு தூத்துக்குடிக்குக் கிளம்பினேன். பத்து மணிக்குப் பரீட்சை. பாதி வழியில், இருபக்கமும் உப்பளம் இருந்த இடத்தில், டப்பென்று ஒரு சத்தம். டாஷ்போர்டில் பேட்டரி சார்ஜ் விளக்கு சிவப்பாக எரிந்தது. ஓரங்கட்டுவதற்குள் போனட்டிலிருந்து ஆவி கிளம்பிவிட்டது. இறங்கித் திறந்து பார்த்தேன். இன்ஜினைக் குளிரவைக்கும் ஃபேன் பெல்ட் அறுந்து கிடந்தது.

பின்னால் வந்த உப்பு லாரி நின்றது. டிரைவர் இறங்கி வந்தார். நாற்பது வயதிருக்கும். காருக்குள் குனிந்து பார்த்தார்.

"ஆம்பள யாரும் வரலியா?"

"இல்ல அண்ணாச்சி. பெல்ட் போயிட்டு. பழசு ஒண்ணு டிக்கியில கெடக்கு. இஞ்சின் ஆறட்டும், மாட்டிருவேன்."

"நீங்க மாட்டுவீங்களா?" அவர் சிரித்தபடி தோளில் கிடந்த துண்டை எடுத்து ரேடியேட்டர் மூடியில் வைத்தார்.

"தொறக்காதீங்க, கொதிக்கு!"

"எத்தன வண்டி பாத்திருக்கேன், தள்ளும்மா."

திருகினார். வெந்நீர் பீறிட்டு அவர் கையை முழங்கைவரை பொசுக்கியது. அலறிப் பின்வாங்கினார். பிள்ளைகள் குடிக்கக் கொண்டுவந்த கூஜாத் தண்ணீர் மட்டும்தான் எங்களிடம் இருந்தது. ரேடியேட்டருக்கும் அதைத்தான் நம்பியிருந்தேன். யோசிக்கவில்லை. முழுவதையும் அவர் கைமேல் ஊற்றினேன்.

"டீச்சர், அப்ப வண்டிக்கு?" என்றாள் ஒருத்தி.

சுற்றிலும் தண்ணீர்தான், அத்தனையும் உப்பு. அங்கே நின்று அழுதால் இந்தக் கதை வேம்பார் முழுக்க எப்படிப் போகும் என்று எனக்குத் தெரியும். சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, ஸ்பேனரை எடுத்து டைனமோ போல்ட்டைத் தளர்த்தினேன். இரும்பு இன்னும் சுட்டது. அங்கங்கே வெடித்திருந்த பழைய பெல்ட்டை மாட்டி, அது இறுகும்படி டைனமோவை இழுத்துப் பிடிக்கப் பிள்ளைகளிடம் சொல்லிவிட்டு போல்ட்டை முறுக்கினேன். ஸ்பேனர் இரண்டு முறை வழுக்கி விரல் முட்டி கிழிந்தது.

நிமிர்ந்தபோது டிரைவர் நல்ல கையில் ஒரு தகர டின்னோடு நின்றார்.

"லாரிக்கு வச்சிருந்த தண்ணி. நல்ல தண்ணிதான்." பிறகு, குரலைத் தாழ்த்தி, "நான் மெதுவா பின்னால வாரேன்" என்றார்.

"வேண்டாம் அண்ணாச்சி. கைய ஆஸ்பத்திரியில காட்டணும், நீங்க முன்னால போங்க."

டின்னை வைத்துவிட்டு அவர் போனார். இன்ஜின் நன்றாக ஆறும்வரை பொறுத்து, தண்ணீர் ஊற்றி, முப்பதைத் தாண்டாமல் ஓட்டினேன்.

பரீட்சைக் கூடத்தை அடைந்தபோது பத்தாக ஐந்து நிமிடம். வாசலில் இருந்த அதிகாரி என் கரிபடிந்த கைகளையும் கிரீஸ் அப்பிய சேலையையும் ஒரு பார்வை பார்த்தார்.

"இந்தப் பிள்ளைகளோட வந்த டீச்சர் யாரு? டிரைவரை வண்டிகிட்டயே நிக்கச் சொல்லுங்க, உள்ளே கூட்டம் போடக்கூடாது."

"டிரைவரும் நான்தான், டீச்சரும் நான்தான்" என்றேன். "கையெழுத்து எங்க போடணும்?"

ரிஜிஸ்டரில் என் கை பட்ட இடமெல்லாம் கறுப்பு. துடைக்கத் துணி கொடுத்தார், நான் வாங்கவில்லை.

நால்வரில் மூவர் தேறினார்கள். தேறாதவளின் அப்பா, பொம்பளை ஓட்டுகிற வண்டியில் இனி அனுப்பமாட்டேன் என்று வீட்டுக்கு வந்து சத்தம் போட்டார். அடுத்த பரீட்சைக்கு அவளைப் பஸ்ஸில் கூட்டிப்போக அவரே கிளம்பினார். பஸ் வரவில்லை. வேம்பார் நிறுத்தத்தில் காரை நிறுத்தி, "ஏறு" என்றேன். அவரும் ஏறிக்கொண்டார்.