பின்னோக்கிச் சுற்றும் நத்தை

தேனியில் தொண்டை பார்க்கிற டாக்டரம்மா, "ஒரு மாசத்துக்கு வாயே திறக்கக் கூடாது, கிசுகிசுன்னுகூடப் பேசக் கூடாது" என்று சொன்னபோது, என் கணவரின் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்து போனதை நான் பார்த்துவிட்டேன். சின்னமனூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் கணக்கு டீச்சராக நான் வருடக்கணக்கில் கத்தியதன் பலன் இந்தத் தொண்டைக் கோளாறு. குரல் தேய்ந்து தேய்ந்து, ஒரு நாள் வெறும் காற்றுதான் வந்தது.

மார்க்கையன்கோட்டை வீட்டுக்குத் திரும்பிய அன்றே தடுமாறிப்போனோம். குழம்புக்குப் புளி எடுத்துத் தரச் சொல்லி ஜாடை காட்டினேன். அவர் விளக்குமாற்றைக் கொண்டுவந்து நீட்டினார். செல்போனில் தட்டிக் காட்டலாம்தான். திராட்சைத் தோட்டத்தில் மருந்தடித்துவிட்டு வருகிற மனிதர் கண்ணாடியைத் தேடி எடுத்துப் படிப்பதற்குள் அடுப்பில் இருப்பது அடிப்பிடித்துவிடும்.

கல்லூரி விடுமுறையில் இருந்த மகள்தான் வழி கண்டுபிடித்தாள். அவள் அப்போது ஒரு மாயக்கதை எழுதிக்கொண்டிருந்தாள். அந்தக் கதைக்காகவே ஒரு மொழியை உண்டாக்கியிருந்தாள். அதில் எழுத்து கிடையாது, குறிகள் மட்டும். எதை வரைகிறோமோ அது நடக்கும். மழை நிற்கும், பூட்டிய கதவு திறக்கும், காலம்கூடத் திரும்பும்.

"அதுல ஒரு சட்டம் இருக்கும்மா. வாயக் கட்டிக்கிட்டு இருக்கவுக வரைஞ்சாத்தான் பலிக்கும். நம்ம வீட்டுல இப்ப ஒனக்கு மட்டுந்தான் அந்தத் தகுதி" என்றாள்.

என்னிடம் சாக்பீஸுக்குப் பஞ்சமில்லை. தரையில் ரெண்டு அலை போட்டு மேலே ஒரு புள்ளி வைத்தால் யாரும் அவசரப்படக் கூடாது; சாப்பிடுகிறவர் மெதுவாக மென்றே தீர வேண்டும். வாலுள்ள முக்கோணம் வரைந்தால் இல்லாத பொருள் வந்து சேரும். கறிவேப்பிலைக்காக அதை வரைந்தேன். மகள் எழுந்துபோய்ப் பறித்துவந்தாள். எனக்குப் பிடித்தது நத்தை. வெளியிலிருந்து உள்பக்கமாக, இடஞ்சுழியாகச் சுற்றிக்கொண்டே போகிற கோடு. அதைப் போட்டால், இப்போது நடந்தது நடக்கவில்லை, காலம் வாசலுக்குத் திரும்பிவிட்டது என்று அர்த்தம்.

ஒரு நாள் மத்தியானம் என் கணவர் தோட்டத்துப் பம்புசெட் மோட்டார் புகைந்துபோன கோபத்தோடு வந்து, செம்பு எங்கே, துண்டு எங்கே என்று வீட்டை அதிரவைத்தார். நான் அவர் காலடியில் நத்தையை வரைந்தேன்.

"அப்பா, நீங்க இன்னும் வீட்டுக்கே வரல. வெளிய போயிட்டு வாங்க" என்றாள் மகள்.

"என்ன கிறுக்குத்தனம் இது" என்று முனகிக்கொண்டே போனார். கேட்டுக்கு வெளியே சற்று நேரம் நின்றார். திரும்பி வந்தவர் சிரிப்பை அடக்க முடியாமல், "என்னா சமையல் இன்னைக்கு?" என்றார். அதன்பிறகு அவரே, சட்டையில் சாம்பாரைச் சிந்திக்கொண்டால்கூட, "போடு அந்த நத்தைய" என்று கேட்க ஆரம்பித்தார்.

இதெல்லாம் விளையாட்டுத்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அவருடைய அண்ணன் வாசலில் வந்து நிற்கும்வரை.

அண்ணன் தம்பி ரெண்டு பேருக்கும் தோட்டம் அடுத்தடுத்து. போன வருடம் கவாத்து சமயத்தில், கொடி வெட்டுகிற ஆட்கள் அத்தனை பேருக்கும் முன்னால் என் கணவர், "ஒனக்குக் கவாத்தப் பத்தி என்ன தெரியும்?" என்று அண்ணனைக் கேட்டுவிட்டார். அன்றிலிருந்து அவர் எங்கள் வீட்டுப் படி ஏறவில்லை.

இப்போது வந்தவர் உள்ளே வராமல், என்னை மட்டும் பார்த்து, "பேச முடியலன்னு சொன்னாக ஆத்தா. அதான் பாத்துட்டுப் போவோம்னு வந்தேன்" என்றார்.

எனக்குக் கண் நிறைந்துவிட்டது. அதற்குள் உள்ளிருந்து வந்த என் கணவர், சந்தோஷத்தில்தான், நாக்கு புரண்டு, "இப்பத்தான் வழி தெரிஞ்சுச்சாக்கும்?" என்றார்.

அண்ணனின் முகம் வாடியது. வாசலில் கழற்றியிருந்த செருப்பை மாட்டத் திரும்பினார். கூப்பிடக் குரல் இல்லை. ஓடிப்போய் அவர் செருப்புக்கு முன்னால் குனிந்து நத்தையைப் போட்டேன். அவசரத்தில் அது கோணல்மாணலாக வந்தது.

"என்னத்தா இது?" என்று அவர் மிரண்டு நின்றார்.

"பெரியப்பா, நீங்க இன்னும் வரவே இல்ல. அப்பா ஒண்ணுமே சொல்லல. தெரு முக்கு வரைக்கும் போயிட்டுத் திரும்ப வாங்க" என்றாள் மகள், முகத்தில் சிரிப்பே இல்லாமல்.

அவர் தம்பியைப் பார்த்தார். தம்பி படியிறங்கி வந்து பக்கத்தில் நின்றார்.

"வாண்ணே, நானும் வாரேன். நான் ஒரு வருசம் பின்னால போகணும்."

ரெண்டு பேரும் தெருவில் நடந்தார்கள். முக்கில் நிற்காமல் தோட்டத்துப் பாதையில் திரும்பிவிட்டார்கள். வெகுநேரம் ஆளைக் காணோம். மகள் கவலைப்பட்டு, தோட்டத்துக்குப் போய்ப் பார்க்கக் கிளம்பினாள். அப்போது தூரத்திலேயே சத்தம் கேட்டது.

"அங்கன கொடியில ரெண்டு மொட்டுக்கண்ணு விட்டு வெட்டியிருந்தா கொல நெறஞ்சு தொங்கியிருக்கும்லடா!"

"அட, போண்ணே! நீ சொன்னபடி வெட்டித்தான் கொடி ஓஞ்சுபோச்சு!"

கால் நிறையச் செம்மண்ணோடு, ஒருவர் கையை ஒருவர் தட்டிவிட்டுக்கொண்டு, வீட்டுக்குள் வந்து உட்கார்ந்தும் அந்தச் சண்டை ஓயவில்லை. இதற்கு ஏதாவது குறி போடட்டுமா என்று மகளுக்கு ஜாடை காட்டினேன். "வேணாம்மா, இது நல்லா போயிக்கிட்டிருக்கு" என்றாள்.

கொஞ்ச நேரத்தில், அண்ணனைத் தேடிக்கொண்டு அவர் மனைவியும், எனக்கு அக்கா முறை, வந்துவிட்டார். கையில் அயிரைமீன் குழம்புச் சட்டி. என் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரு வருடம் சொல்லாமல் வைத்திருந்ததையெல்லாம் மூச்சுவிடாமல் சொல்லத் தொடங்கினார்: மருமகளின் சேதி, புதுசாக வாங்கிய மாடு, கம்பம் டவுனில் எடுத்த சேலை. குறுக்கே பேச வழியில்லாமல், தலையை மட்டும் ஆட்டிக்கொண்டு, நான் கேட்டுக்கொண்டே இருந்தேன்.