மேரியில் இறங்கிய கொடி

சென்னையில் படக்கம்பெனி முதலாளி ஒன்றே ஒன்றுதான் சொல்லி அனுப்பினார். காரைக்காலில் பிரெஞ்சுக் கொடி இறங்குவதை எடுத்து வா. எடுக்காவிட்டால் இந்தப் பக்கம் வராதே. ஏற்கெனவே இரண்டு படங்களைக் கெடுத்திருந்தேன். கையில் நூறு அடிச் சுருள் ஒன்று. மூன்று நிமிடம்கூட ஓடாது.

நான் தங்கிய வீட்டு மரைக்காயர் முதல்நாள் மாலை விவரம் சொன்னார்.

"காலைல ஏழு மணிக்கு மேரியில கொடி எறக்குறாங்க தம்பி. வெள்ளனப் போயிடுங்க."

மேரி என்றால் மாதா. மாதா என்றால் கோவில். வெள்ளைக்காரன் தன் கொடியைத் தன் சாமி முன்னால்தானே இறக்குவான்? எவரிடமும் கேட்கவில்லை. ஐந்தரைக்கே மாதா கோவில் வாசலில் முக்காலியை ஊன்றி, லென்ஸைத் துடைத்துத் துடைத்து நின்றேன். ஏழு அடித்தது. யாரும் வரவில்லை. மணியடிக்க வந்த கோவில்பிள்ளை என்னைச் சுற்றி ஒருமுறை நடந்து பார்த்தார்.

"கொடியா? நம்ம திருநாளு முடிஞ்சு மாசக்கணக்காச்சுங்களே. நீங்க சொல்ற மேரி மாதா இல்லீங்க. அது நகரசபை ஆபீசுங்க. பிரெஞ்சுல அப்புடித்தான் சொல்லுவாங்க."

ஓடினேன். முக்காலி தோளில் இடித்தது, தெரு நீண்டது, எதிரே கூட்டம் சிரித்துக்கொண்டு கலைந்து வந்தது, கலைந்து வரும் கூட்டத்தைப்போல் கொடியது எதுவுமில்லை. கம்பம் மொட்டையாக நின்றது. கீழே வயதான பியூன் ஒருவர் கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்தார். கொடி அவர் கக்கத்தில்.

இன்னொரு தடவை ஏற்றி இறக்கச் சொல்லிக் கெஞ்சினேன். ஒரே நிமிடம் என்றேன். பிழைப்பே இதுதான் என்றேன். காலைத் தொடக் குனிந்தேன். அவர் விலகிக்கொண்டார்.

"எறக்குனத மறுபடி ஏத்துனா அவன் திரும்பி வந்துட்டான்னு ஆயிடுமுங்க. வேணாம்."

மொட்டைக் கம்பத்தைச் சுருள் தீரும்வரை எடுத்தேன். முதலாளி முழுவதும் பார்த்தார். திட்டவில்லை, கணக்கை முடித்து அனுப்பினார்.

அதன்பிறகு செய்திப்படத்துக்கு யாரும் என்னைக் கூப்பிடவில்லை. ஓடிப்போகாதவற்றை எடுக்கத்தான் கொடுத்தார்கள்: இடிந்த கோட்டை, கல்வெட்டு, கல்லறை. சரித்திரப்பட நிபுணர் என்று இப்போது மேடையில் அழைக்கிறார்கள். இன்றும் விடிவதற்கு முன்பே போய் நிற்கிறேன். வழியில் மூன்று பேரிடம் இடத்தின் பெயரைக் கேட்கிறேன். கோட்டை எங்கும் போய்விடாது என்று தெரியும். ஆனாலும் லென்ஸைத் துடைத்துக்கொண்டே இருக்கிறேன்.