நாலு மில்லி கூடுதல்

கண்ணாடிக் கடைக்காரருக்கு அந்தத் தெருவில் மில்லி என்றுதான் பெயர். மற்றவர்கள் அங்குலம், அரை அங்குலம் என்று பேசிக்கொண்டிருந்த காலத்திலேயே மில்லிமீட்டரில் பேசியவர். ஜன்னல் கண்ணாடியோ அலமாரித் தட்டோ மீன் தொட்டியோ, நேரில் போய் அளந்தால்தான் வெட்டுவார். வாடிக்கையாளர் எழுதிக்கொண்டு வரும் அளவை அவர் நம்பியதில்லை. வாடிக்கையாளரையும் நம்பியதில்லை என்பது வேறு விஷயம். பால்காரர் சிரித்தால் இன்று பாலில் தண்ணீர் அதிகம் என்பார். சிரிக்காவிட்டால் நேற்றைய பால் என்பார்.

ஒரு திங்கட்கிழமை காலை ஒல்லியான ஓர் ஆள் கடைக்கு வந்தான். முப்பது வயதிருக்கும். சட்டையில் மருந்து வாசனை. ஒரு துண்டுச் சீட்டை நீட்டி, "இந்த அளவுல ஒரு கண்ணாடிப் பெட்டி வேணும்" என்றான்.

"மீனுக்கா?"

"இல்லங்க, தண்ணி ஊத்தப் போறதில்ல. பாதி உயரத்துக்கு மண்ணு போடணும்."

"அப்போ செடிக்கா?"

"செடி மாதிரின்னு வெச்சுக்குங்களேன்."

வெச்சுக்குங்களேன் என்று யாராவது சொன்னால் மில்லிக்கு மூக்கில் வியர்த்துவிடும். "வீடு எங்கேன்னு சொல்லுங்க, நானே வந்து அளந்துக்கறேன்" என்றார்.

"ஐயோ, அதெல்லாம் வேண்டாங்க" என்றான் அவன், தேவைக்கு மேல் அவசரமாக. "அளவு சரியாத்தான் இருக்கு. மூடி மட்டும் நல்லா அழுத்தமா உட்காரணும். பூட்டு மாட்டற மாதிரி இருக்கணும். காத்துக்கு மூடியில சின்னச் சின்னதாத் துளை. வலை வேண்டாம், நகம் மாட்டிக்கும்."

"யாரோட நகம்?"

"அவ நகம்தான்" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டு, அதைப் பூசி மெழுகப் போய் இன்னும் கெடுத்தான். "உயரமும் கூடக் கூடாதுங்க. ஏறி விழுந்தா அவ வயிறு தாங்காது."

அது என்று சொல்லியிருந்தால் நாயோ பூனையோ என்று மில்லி விட்டிருப்பார். அவ என்றல்லவா சொல்கிறான். அவளுக்கு நகம் இருக்கிறது, வயிறு இருக்கிறது, மேலே ஒரு பூட்டும் வேண்டுமாம். மண் நிரப்பிய பெட்டிக்குள் எந்தப் பெண்பிள்ளை குடியிருக்கப் போகிறாள்? காதில் பூ சுற்றுவதற்கும் ஓர் அளவு வேண்டாமா என்று நினைத்துக்கொண்டே சீட்டைப் பார்த்தார். வெளிச்சத்தில் பிடித்து மறுபடி ஒருமுறை படித்தார்.

நீளம் 612. அகலம் இடப்பக்கம் 348, வலப்பக்கம் 345.

நேரான பெட்டியை யார் வேண்டுமானாலும் கேட்கலாம். மூன்று மில்லி கோணலான பெட்டியை உலகத்தில் யார் கேட்பார்கள்? சுவரே கோணலாக இருக்கிற வீட்டுக்காரர்தான் கேட்பார். அப்படி ஒரு சுவர் எங்கே இருக்கிறது என்று மில்லிக்கு நன்றாகத் தெரியும். அவர் வீட்டில், மகளின் அறையில் இருந்தது அந்தச் சுவர் மாடம். கொத்தனாரின் கவனக்குறைவால் ஒரு பக்கம் ஆழம் குறைந்துபோன மாடம். அதற்கு ஒரு கண்ணாடித் தட்டு வெட்டிப் போட்டவர் அவரேதான். தட்டின் அளவு அப்படியே இந்தச் சீட்டில் இருந்தது.

முன்பின் தெரியாத ஒருவன் கையில் மகளின் அறை அளவு எப்படி வந்தது? அவன் உள்ளே வந்து அளந்தானா? அவளே அளந்து கொடுத்தாளா? எது மோசம் என்று அவருக்குத் தெரியவில்லை. அவ, வயிறு, பூட்டு என்ற மூன்று வார்த்தைகளும் மண்டைக்குள் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டன. "வியாழக்கிழமை வாங்க" என்று மட்டும் சொல்லி அனுப்பினார்.

வேறு அப்பாவாக இருந்தால் வீட்டுக்குப் போனதும் அறைக் கதவைத் திறந்து பார்த்துவிடுவார். மில்லியால் முடியாது. மனைவி இறந்த பிறகு வீட்டில் அவரும் மகனும் மகளும்தான். மகனின் பையை ஒருநாள் குடைந்து பார்த்தார். பையில் ஒன்றுமில்லை. குடைந்ததை மகன் பார்த்துவிட்டான். இப்போது அவன் வேறு ஊரில் இருக்கிறான். மாதம் ஒருமுறை தொலைபேசியில் பேசுவான், அதுவும் மழை பெய்ததா என்பது வரைதான். அவன் கிளம்பிப் போன அன்றே மகள் சொல்லிவிட்டாள்: "என் அறையை ஒரு தடவை நீங்க சோதனை போட்டாலும் நானும் இந்த வீட்டுல இருக்க மாட்டேன்." அவள் கால்நடை மருத்துவமனையில் வரவேற்பு மேசையில் வேலை பார்க்கிறாள். சேர்ந்த முதல் மாதமே அவர் அந்தப் பக்கம் தற்செயலாக இரண்டு முறை போனார். அந்தத் தற்செயலுக்கும் அவள் தடை போட்டாள்.

ஆக, கதவைத் தொட்டால் மகள் போய்விடுவாள். தொடாவிட்டால் இவருக்குத் தூக்கம் போய்விடும். இரண்டு நாள் கண்ணில் விளக்கெண்ணெய் ஊற்றிக்கொண்டு அவளைப் பார்த்தார். அவள் சாப்பிடும்போது எவ்வளவு சாப்பிடுகிறாள் என்று பார்த்தார். பூச்சி விற்கும் கடைப் பொட்டலம் ஒன்று குப்பைக்கூடையில் கிடந்தது. அறையிலிருந்து ஈரமண் வாசனை வந்தது. ஒருமுறை கதவுக்கு அந்தப் பக்கம் அவள் யாரிடமோ, "பொறுத்துக்கோடி, இன்னும் ரெண்டு நாள்தான். அப்புறம் வசதியா இருக்கலாம்" என்று கொஞ்சியது கேட்டது. மறுமொழி இல்லை. கொல்லைப் பக்கம் போய் ஒரு சொம்புத் தண்ணீரை முகத்தில் அடித்துக்கொண்டார்.

புதன்கிழமை, வெட்டும் மேசையில் கண்ணாடியைக் கிடத்தியபோதுதான் அந்த யோசனை வந்தது. மாடத்தின் வாய் 615 மில்லி. பெட்டி 616 இருந்தால் உள்ளே போகாது. போகாவிட்டால் அவள் அவரிடம்தான் வந்தாக வேண்டும், இந்தத் தெருவில் கோணல் பெட்டியைச் சரிசெய்ய வேறு யார் இருக்கிறார்கள்? அப்போது கதவை அவளே திறப்பாள். இவர் திறந்ததாக ஆகாது. தன் சாமர்த்தியத்தை மெச்சியபடி நாலு மில்லி கூட்டி வெட்டினார். முப்பது வருஷத்தில் தெரிந்தே அவர் தவறாக வெட்டிய முதல் கண்ணாடி அது.

வியாழனன்று ஒல்லி ஆள் வந்து பெட்டியையும் சீட்டையும் எடுத்துப்போனான். வெள்ளிக்கிழமை ஒன்றும் நடக்கவில்லை. சனிக்கிழமையும் நடக்கவில்லை. ஞாயிறு காலை மகள் சமையலறைக்கு வந்து அந்தச் சீட்டை மேசைமேல் வைத்தாள்.

"நாலு மில்லி கூட இருக்கு" என்றாள்.

"எது?" என்றார் மில்லி, முகத்தை முடிந்தவரை வெறுமையாக வைத்துக்கொண்டு.

"நடிக்காதீங்கப்பா. உங்க கை தப்பாது. தப்பியிருக்குன்னா தெரிஞ்சுதான் தப்பியிருக்கு. வாங்க, வந்து பாருங்க. அதுக்குத்தானே இவ்வளவும்."

இரண்டு வருஷத்துக்குப் பிறகு அந்த அறைக்குள் போனார். மாடம் காலியாக இருந்தது. அதற்குக் கீழே தரையில் அவர் செய்த பெட்டி. கட்டிலருகே, மூடியில் துளையிட்ட ஒரு பிளாஸ்டிக் டப்பா. அவள் மூடியை மெல்லத் தூக்கினாள். உள்ளே ஒரு சிலந்தி. சுவரில் ஓடுகிற சங்கதி இல்லை. விரித்த உள்ளங்கை அளவு, உடம்பெல்லாம் பழுப்பு ரோமம், எட்டுக் காலும் டப்பாவின் சுவரை முட்டிக்கொண்டிருந்தன.

"ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்த ஆள் திரும்ப வரவே இல்ல. யாருக்கும் தொட மனசு வரல. நான் எடுத்துட்டு வந்தேன்" என்றாள். "உங்ககிட்ட வந்தவர் எங்க கம்பவுண்டர். புதுசா சேர்ந்திருக்கார்."

மில்லிக்குச் சிரிப்பு வந்தது. ஆறு நாளாக நெஞ்சில் கிடந்த பாறாங்கல் ஒரு பூச்சியாகிப் போன சந்தோஷத்தில் கட்டிலில் உட்கார்ந்தேவிட்டார். "இதுக்கா? நீயே நேரா வந்து கேட்டிருந்தா நான் செஞ்சு தர மாட்டேனா?"

"எதுக்கு, யார் குடுத்தா, ஆம்பளையா பொம்பளையா, எத்தனை மணிக்குக் குடுத்தான்னு கேட்பீங்க. அதுக்கு இதோட கடியே பரவாயில்ல." அவள் சிரிக்கவில்லை. "நீங்க கதவைத் திறக்கலப்பா. அதை நான் ஒத்துக்கறேன். ஆனா உங்க வேலையில பொய் சொன்னீங்க. உங்ககிட்ட நான் நம்பினது அது ஒண்ணுதான்."

அவருக்குச் சிரிப்பு நின்றது. மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று தோன்றியது. கேட்டுப் பழக்கமில்லாததால் எங்கே தொடங்குவது என்று தெரியவில்லை. "வேற பெட்டி இன்னிக்கே செஞ்சு தர்றேன். 612தானே?" என்றார்.

"இல்ல. இந்த அளவுல" என்று வேறொரு சீட்டைக் கொடுத்தாள்.

540 நீளம், 400 அகலம், 300 உயரம். நேரான பெட்டி. மில்லி வீடு முழுக்க மனத்துக்குள் ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். சமையலறைத் தட்டு 580. குளியலறைத் தட்டு 450. கூடத்து அலமாரி 710. 540 இந்த வீட்டில் எங்கேயும் இல்லை.

எந்த வீடு, யார் வீடு, எப்போது முடிவு செய்தாள் என்று கேள்விகள் வரிசையாக வந்து வாயில் முட்டின. வாயைத் திறந்தார். அவள் அதற்காகவே காத்திருந்தவள் மாதிரி பார்த்தாள். மூடிக்கொண்டார்.

விடுமுறை நாளில் கடையைத் திறந்து இரண்டு பேரும் வேலை செய்தார்கள். அவர் கண்ணாடி வெட்டி விளிம்பு தேய்த்து ஒட்டினார். பசை காயும் வரை அவள் மண்ணில் கலக்கத் தேங்காய் நார்த் தூளை நனைத்துப் பிழிந்து உதிர்த்து வைத்தாள். நீளம் 540 தானா என்று ஒன்பது தடவை அளந்தார். மாலையில் அவள் மண்ணைக் கொட்டி, சாதாரணமாகத் தட்டிவிட்டாள். மில்லிக்கு மனம் ஆறவில்லை. "இது பள்ளம் தோண்டும்னு சொல்றே. மண் சரிஞ்சா உள்ள மாட்டிக்காதா?" என்று கையால் அழுத்தி இறுக்கினார். மண்ணிலிருந்து மூடி வரை உயரம் அளந்து, "இது காலை நீட்டி எவ்வளவு இருக்கும்? இங்கேருந்து விழுந்தாத் தாங்குமா?" என்று கேட்டு இன்னும் இரண்டு விரல்கடை மண் போட வைத்தார். ஒளிந்துகொள்ள வைத்த பாதிப் பூந்தொட்டியின் உடைந்த விளிம்பில் விரலை ஓட்டி, கீறும் என்று உப்புத்தாள் எடுத்துத் தேய்த்தார். தண்ணீர்க் கிண்ணம் ஆழமாக இருக்கிறது என்று தள்ளிவைத்து, ஒரு ஜாடி மூடியைத் தேடி எடுத்தார். மூடியின் நாலு ஓரத்திலும் ஒரு காகிதத்தைச் செருகிப் பார்த்தார். ஓர் இடத்தில் காகிதம் நுழைந்தது.

"இவ தூக்கிட்டு வந்துடுவா. எனக்கு நம்பிக்கையில்ல" என்று மூடியைக் கழற்றி மறுபடி பொருத்தினார்.

மகள் அன்றைக்கு முதல்முறையாகச் சிரித்தாள். அவர் சந்தேகத்துக்கு இப்படி ஓர் உபயோகம் இருக்கும் என்று அவள் எதிர்பார்க்கவில்லை போலும்.

டப்பாவைப் பெட்டிக்குள் சாய்த்து வைத்து, ஒரு தூரிகையால் பின்னங்காலைத் தொட்டாள். சிலந்தி ஒரு காலை வெளியே வைத்துப் பார்த்தது. எடுத்துக்கொண்டது. இன்னொரு காலை வைத்தது. மில்லி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஒவ்வொரு காலாகக் கால் மணி நேரம் சோதித்துவிட்டுத்தான் அது மண்ணில் முழுதாக இறங்கியது. மில்லிக்கு அதன்மேல் மரியாதை வந்துவிட்டது. மூடியைப் போட்டுப் பூட்டியபோது சாவியை அவள் கையில்தான் கொடுத்தார்.

பெட்டியைத் துணியில் சுற்றிக்கொண்டே, "வைக்கிற சுவர் நேரா இருக்கா?" என்று மட்டும் கேட்டார். அவரால் அவ்வளவுதான் சுருக்க முடிந்தது.

அவள் சாவியைப் பைக்குள் போட்டுக்கொண்டாள். பிறகு, "ஆஸ்பத்திரிக்குப் பின் தெருப்பா, டாக்டரம்மா வீட்டு மாடி அறை. ஒண்ணாந்தேதியிலேருந்து. நான் மட்டும்தான்" என்றாள். "சுவரைப் பத்தித் தெரியல. நீங்க வந்து பார்த்துச் சொல்லுங்க."

நீ மட்டும்தானா என்று கேட்க நாக்கு துறுதுறுத்தது. "எந்தக் கிழமை வரட்டும்?" என்று கேட்டார் மில்லி.